மாலிக் காபூர் கொண்டு சென்ற கொள்ளை: குஸ்ரோ சொல்வதா, பரணி சொல்வதா?

கேள்வி:
1311ஆம் ஆண்டு தில்லி சுல்தான் அலாவுதீன் கில்ஜியின் படைத்தலைவர் மாலிக் காபூர் பாண்டிய நாட்டிலிருந்து தில்லிக்குக் கொண்டு சென்றவை 512 யானைகள், 5,000 குதிரைகள், 500 மன் (அக்கால எடை அளவு) எடையுள்ள மணிகள் என்கிறார் கவிஞர் அமீர் குஸ்ரோ. வரலாற்றாசிரியர் ஜியாவுதீன் பரணியோ 612 யானைகள், 20,000 குதிரைகள், 96,000 மன் பொன் என்று எழுதுகிறார். இருவரும் தில்லியைச் சேர்ந்தவர்கள், பாரசீகத்தில் எழுதியவர்கள். எதை ஏற்பது?

மறுமொழி 1:
நான் குஸ்ரோவையே ஏற்பேன், ஐயா. அவர் படையோடு தெற்கே வரவில்லை என்பது உண்மைதான். ஆனால் படை திரும்பிய சூட்டிலேயே, அலாவுதீன் கில்ஜியின் வெற்றிகளைப் புகழ்வதற்காக எழுதியவர் என்பதால், கொள்ளையைக் குறைத்துச் சொல்ல அவருக்குக் காரணமே இல்லை. பரணி தம் நூலை முடித்தது 1357இல். அரசவையிலிருந்து விலக்கப்பட்டு, முதுமையிலும் வறுமையிலும் பெரிதும் நினைவைக் கொண்டே எழுதினார். குஸ்ரோவின் நடையில் அணிகள் மிகுதி என்பதால் மழையையும் போரையும் அவர் வருணிக்கும் இடங்களைக் கவனமாகப் படிக்க வேண்டும். ஆனால் மதுரையை அடைந்தபோது நகரம் வெறிச்சோடிக் கிடந்தது, மன்னன் அரசியரோடு முன்பே வெளியேறிவிட்டான், கோயிலில் இரண்டு மூன்று யானைகளே எஞ்சியிருந்தன என்று அவரே எழுதுகிறார். புகழ் பாட வந்தவர் ஒப்புக்கொள்ளும் இந்த ஏமாற்றத்தை நான் முழுமையாக நம்புகிறேன்.

மறுமொழி 2:
எண்களைவிட ஊர்ப்பெயர்களே எனக்குக் கவலை தருகின்றன. பாரசீக எழுத்தில் ப, த, ந ஆகியவை சொல்லின் நடுவே ஒரே வடிவில் நிற்கும். மேலும் கீழும் இடும் புள்ளிகளே அவற்றைப் பிரித்துக் காட்டும். படியெடுப்பவர் ஒரு புள்ளியை விட்டால் ஊரே மாறிவிடும். பொற்கோயில் இருந்ததாகக் குஸ்ரோ சொல்லும் 'பிரம்மஸ்தபுரி' சிதம்பரம்தான் என்று பலர் கொண்டாலும் அது முடிந்த முடிவு அன்று.

மறுமொழி 3:
தில்லிக்கு வெளியே ஈரானில், மங்கோலியர் ஆட்சியில் எழுதிய வரலாற்றாசிரியர் வஸ்ஸாஃபையும் சேர்த்துப் படியுங்கள். குலசேகர பாண்டியனை மகன் சுந்தரனே கொன்றான் என்ற செய்தியைத் தருபவர் அவர். அவருக்குக் கிடைத்தது வணிகர் வழிச் செய்தி போலும்: கடல் வழியே ஆண்டுக்கு 10,000 குதிரைகள் விற்பனைக்கு வந்தன, ஒன்றின் விலை 220 தினார், வழியில் இறந்தவற்றுக்கும் பணம் உண்டு என்கிறார். இங்கே பாண்டிய நாட்டில் குதிரைகளுக்கு வறுத்த வாற்கோதுமையும் காய்ச்சிய பசும்பாலும் கொடுத்தார்கள் என்று வியக்கிறார். இக்கரைக்கு வந்த மார்க்கோ போலோவும் குதிரைகளுக்குச் சமைத்த உணவு போடப்பட்டதாகவே எழுதுகிறார். கொடைகளையும் மெய்க்கீர்த்திகளையும் பதிவு செய்த நம் கல்வெட்டுகளில் குதிரை என்ன தின்றது என்று நான் கண்டதில்லை.