வெள்ளனே போனால் திமிங்கலம் நமக்கு மட்டும்தான்

பாளையங்கோட்டையிலிருந்து:

நம்ம குழுவில் மியூசியம் பார்த்த கதையை ஆளாளுக்கு எழுதுகிறீர்கள், என்னுடையதையும் போட்டு வைக்கிறேன். கொஞ்சம் நீளம், பொறுத்துக்கொள்ளுங்கள்.

நான் ஒரு கல்லூரி விலங்கியல் லேப்பில் 31 வருஷம் அட்டெண்டராக இருந்தவன். பாட்டிலில் ஃபார்மலின் குறைந்தால் ஊற்றுவது, மங்கிப்போன லேபிளை மாற்றி எழுதி ஒட்டுவது, எலும்புக்கூடுகளைத் தூசி தட்டுவது, இதுதான் பிழைப்பு. போன ஜூனில் லண்டனில் மகள் வீட்டில் இருந்தபோது ஒருநாள் ராத்திரி அவள், "அப்பா, நாளைக்கு வெள்ளனே கிளம்பணும், இயற்கை வரலாற்று மியூசியத்துக்கு டிக்கெட் போட்டிருக்கேன், கூட்டம் வர்றதுக்கு முன்னாடி கொஞ்சம் பேரை மட்டும் கூட்டிட்டுப் போய்க் காட்டுவாங்க" என்றாள். விலையைக் கேட்டேன், கடைசிவரை சொல்லவில்லை. அந்த மியூசியத்துக்குச் சாதாரணமாகப் போனால் நுழைவுக் கட்டணமே கிடையாது என்பது எனக்கு அப்புறம்தான் தெரியும், முன்னாடியே தெரிந்திருந்தால் கிளம்பியிருக்க மாட்டேன்.

வெள்ளனே எழுவதில் சிரமமே இல்லை. அங்கே மூன்றரை என்றால் நம்ம ஊரில் எட்டு, வயிறு தானாக இட்லி கேட்டு எழுப்பிவிடும். பொதுஜனத்துக்குக் கதவு திறப்பது பத்து மணிக்கு, எங்களை எட்டே முக்காலுக்கே பக்கவாட்டு வாசல் வழியாக உள்ளே விட்டார்கள். பன்னிரண்டு பேர் இருப்போம். கூட்டிப்போன அம்மாவுக்கு என் வயசு இருக்கும், கையில் டார்ச், கழுத்தில் சாவிக்கொத்து.

பெரிய கூடத்துக்குள் போனதும் தலைக்கு மேலே நீலத்திமிங்கலம். முழு எலும்புக்கூடு, 25 மீட்டர் நீளம், நாலரை டன் எடை, வாயைப் பிளந்தபடி கீழே பாய்கிற மாதிரி தொங்குகிறது. கூரைக் கண்ணாடி வழியாக வெயில் அப்போதுதான் இறங்கிக்கொண்டிருந்தது, தலை வெளிச்சத்தில், வால் இன்னும் இருட்டில். யாரும் பேசவில்லை. எங்கேயோ வேக்குவம் கிளீனர் ஓடுகிற சத்தம் மட்டும்.

எனக்கு முதலில் கண்ணில் பட்டது என்ன தெரியுமா? கம்பி. இத்தனை எடையை எங்கே எங்கே பிடித்துத் தொங்கவிட்டிருக்கிறான் என்று கழுத்து வலிக்க எண்ணிக்கொண்டிருந்தேன், மகள் சிரித்தாள். அப்புறம் மாடிப்படி ஏறி முதல் மாடி வராந்தாவுக்குப் போனோம், அங்கே நின்றால் திமிங்கலம் கண் மட்டத்துக்கு வந்துவிடும். அந்த அம்மா டார்ச்சைத் துடுப்பு மேல் அடித்துக் காட்டினார். அது துடுப்பே இல்லை, கை. தோளிலிருந்து ஒரு குட்டை எலும்பு, அடுத்து இரண்டு எலும்பு, மணிக்கட்டு, அதற்கப்பால் விரல்கள், நம்ம விரலில் இருப்பதை விட அதிகக் கணுக்களோடு நீளமாக. நாலே விரல். என் கையை நீட்டிப் பக்கத்தில் வைத்துப் பார்த்தேன், ஒரு சின்னப் பையன் செய்கிற வேலைதான், ஆனால் காலையில் அந்த நேரம் யார் பார்க்கப் போகிறார்கள்.

இது பெண் திமிங்கலம். 1891-ல் அயர்லாந்தில் வெக்ஸ்ஃபோர்டு துறைமுகத்துப் பக்கம் மணல்திட்டில் மாட்டிக்கொண்டதாம். மீனவர் ஒருவர் குத்திக் கொன்று, கறியையும் எண்ணெயையும் விற்றுவிட்டார்கள், எலும்பை மட்டும் மியூசியம் 250 பவுண்டுக்கு வாங்கியது. அப்புறம் நாற்பது வருஷத்துக்கும் மேல் எலும்பு உள்ளேயே கிடந்து, 1930-களில்தான் காட்சிக்கு வந்தது, இந்தக் கூடத்துக்கு வந்தது 2017-ல். அதன் வாயில் பல்லுக்குப் பதிலாக நகம் மாதிரியான பொருளில் தட்டுத்தட்டாக இருக்குமே, அது நகம் வளர்கிற மாதிரியே வளருமாம். அதைக் கொஞ்சம் கொஞ்சமாகச் சுரண்டிச் சோதித்து, கடைசி ஏழு வருஷம் அது எந்தக் கடலில் சுற்றியது, அநேகமாக எப்போது குட்டி போட்டது என்பது வரை கணக்குப் போட்டிருக்கிறார்கள். 120 வருஷத்துக்கு மேல் ஆன எலும்பு. எங்கள் லேப்பில் எத்தனை ஸ்பெசிமனை "பழசு, ஒழிச்சுப் போடு" என்று சொல்லக் கேட்டிருக்கிறேன், அதெல்லாம் அப்போது ஞாபகத்துக்கு வந்து தொலைத்தது.

படிக்கட்டு நடுவில் டார்வின் சிலை. 1885-ல் வைத்து, 1927-ல் நகர்த்தி, அப்புறம் அந்த இடத்தில் ரிச்சர்ட் ஓவனை உட்கார வைத்து, 2009-ல் மறுபடி டார்வினைக் கொண்டுவந்திருக்கிறார்கள். டைனோசர் என்று பெயர் வைத்ததே ஓவன்தான், 1842-ல், இந்த மியூசியமே அவர் விடாப்பிடியாக நின்று வாங்கியது. ஆனால் பிழைக்கத் தக்கதை இயற்கையே தேர்ந்தெடுத்து உயிரினங்களை மாற்றுகிறது என்று டார்வின் சொன்னதை ஏற்காதவர். கோவில் கொடைத் திருவிழாவில் முதல் மரியாதை யாருக்கு என்கிற சண்டைதான், வேறொன்றுமில்லை.

டைனோசர் பகுதியில் ஆடி உறுமுகிற மெஷின் டைரனோசர் ஒன்று உண்டு. நாங்கள் போனபோது இன்னும் சுவிட்சே போடவில்லை. கொடைக்கு மறுநாள் சாமியாடி திண்ணையில் களைத்து உட்கார்ந்திருப்பாரே, அப்படித் தலையைத் தொங்கப் போட்டு நின்றது. மகளுக்கு ஏமாற்றம், எனக்கு அதுதான் பிடித்தது.

வெளியே வரும்போது நீளக்கம்பில் பஞ்சு கட்டி ஒருவர் பெரிய யானை மாதிரி ஒன்றின் எலும்பைத் துடைத்துக்கொண்டிருந்தார். மாஸ்டோடான் என்றார் அந்த அம்மா. நான் நின்று பார்த்தேன். விலா எலும்பை மேலிருந்து கீழாகத்தான் துடைத்தார், நாங்களும் அப்படித்தான். அவர் என்னைப் பார்த்துத் தலையசைத்தார். பத்து மணி ஆனதும் கதவைத் திறந்தார்கள், பள்ளிக்கூடப் பிள்ளைகள் வெள்ளம் மாதிரி வந்தது, அடுத்த நிமிஷம் அந்த ஆளைக் காணோம்.

மணப்பாடு பக்கமிருந்து:

அண்ணாச்சி, கை என்று நீங்கள் எழுதியதைப் படித்ததும் கொஞ்ச நேரம் போனைக் கீழே வைத்துவிட்டேன்.

2016 பொங்கலுக்கு மூன்று நாலு நாள் முன்னாடி எங்கள் கரையில் திமிங்கலங்கள் ஒதுங்கியது எல்லோருக்கும் ஞாபகம் இருக்கும். நான் அப்போது காலேஜ் முதல் வருஷம். சாயங்காலம் ஆரம்பித்து ராத்திரி முழுக்க ஒவ்வொன்றாக வந்தது, எண்பதைத் தாண்டியது. பைலட் திமிங்கலம் என்று அப்புறம்தான் பேப்பரில் பெயர் போட்டார்கள். எங்கள் ஆட்கள் "ஓங்கில் சாதிதான், பெருசு" என்றார்கள் (டால்பினை நாங்கள் ஓங்கில் என்போம்). கறுப்பு, உருண்டைத் தலை, முகம் சிரிக்கிற மாதிரியே இருக்கும், அதைப் பார்க்கத்தான் முடியாது.

அப்பா, சித்தப்பா எல்லோரும் கயிறு கட்டிப் போட்டில் இழுத்துக்கொண்டு ஆழத்தில் விட்டுவிட்டு வந்தார்கள். விட்டது திரும்பக் கரைக்கே வந்தது. ஒன்று கரையேறிவிட்டால் மற்றதெல்லாம் அதை விட்டுப் போகாது, கூட்டமாக வாழ்கிற பிராணி என்று வந்திருந்த அதிகாரி ஒருவர் சொன்னார். ஏன் ஒதுங்கியது என்பதற்கு ஆளுக்கு ஒரு காரணம் சொன்னார்கள், எங்கள் ஆச்சி மட்டும் "இது புதுசில்லை, அப்பவும் வந்துச்சு" என்றாள். தேடிப் பார்த்தால் சரிதான், 1973 ஜனவரியிலும் தூத்துக்குடிப் பக்கம் 147 ஒதுங்கியிருக்கின்றன.

நான் விடியற்காலையில் ஒன்றின் பக்கத்தில் உட்கார்ந்து வாளியில் தண்ணீர் மொண்டு ஊற்றிக்கொண்டிருந்தேன். துடுப்பை ஒருதரம் பிடித்தேன். நனைந்த ரப்பர் மாதிரி இருந்தது, உள்ளே ஏதோ கணுக்கணுவாகத் தட்டுப்பட்டது. விரல் என்று யாரும் சொல்லவில்லை அண்ணாச்சி. நாற்பதுக்கும் மேல் செத்துப்போய், ஜேசிபி வைத்துக் கரையிலேயே புதைத்தார்கள். அந்த இடத்தைத் தாண்டித்தான் இப்போதும் பஸ் பிடிக்கப் போகிறேன்.

அம்பாசமுத்திரத்திலிருந்து:

லண்டனுக்கெல்லாம் நமக்கு வழியில்லை, சென்னை எழும்பூர் மியூசியக் கதை சொல்கிறேன். நான் பள்ளிக்கூட வாத்தியார். சில வருஷம் முன்னாடி 38 பிள்ளைகளை நெல்லை எக்ஸ்பிரஸில் ஏற்றிக்கொண்டு போனோம். காலையில் எழும்பூரில் இறங்கி, பல் விளக்கி, இட்லி வாங்கிக் கொடுத்து, கூட்டம் வருவதற்கு முன் முதல் ஆளாக நுழைந்துவிட வேண்டும் என்று எட்டு மணிக்கே மியூசியம் வாசலுக்கு நடத்திக் கூட்டிப்போனேன். ஒன்பதரை ஆயிற்று, பத்தாயிற்று, கதவு திறக்கவில்லை. பக்கத்தில் நின்ற ஆட்டோக்காரர்தான், "சார், செத்த காலேஜுக்கு வெள்ளிக்கிழமை லீவாச்சே" என்றார். தலையில் கை வைத்துக்கொண்டேன். அவ்வளவு திட்டம் போட்டவன் கிழமையைப் பார்க்கவில்லை. பிள்ளைகளுக்கு அதெல்லாம் ஒன்றும் இல்லை, "செத்த காலேஜ்" என்ற பேரைக் கேட்டே உருண்டு உருண்டு சிரித்தார்கள். (மியூசியம் செத்த காலேஜ், மிருகக்காட்சி சாலை உயிர் காலேஜ், பழைய மெட்ராஸ்காரர் பேச்சு.)

மறுநாள் மறுபடி போனோம். 1851-ல் தொடங்கிய மியூசியம், அதற்கேற்ற பெரிய பெரிய மரக்கதவு. முதல் அரை மணி நேரம் நாங்கள் மட்டும்தான். அங்கேயும் திமிங்கல எலும்புக்கூடு உண்டு. ஒரு பையன் முதுகெலும்புக் கணுவை ஒவ்வொன்றாக எண்ணிக்கொண்டே போனான், வேறொருத்தன் குறுக்கே பேசிக் கணக்கைக் கெடுத்தான், திரும்ப முதலிலிருந்து எண்ணினான், மறுபடி தப்பு. மற்ற பிள்ளைகள் அடுத்த கூடத்துக்குப் போயாயிற்று, அவன் அசையவில்லை. சனிக்கிழமைக் கூட்டம் வந்து நெரித்த பிறகு எண்ணவும் முடியாது, நிற்கவும் முடியாது. அந்த அரை மணிக்காகவே திரும்பப் போகலாம்.

தென்காசியிலிருந்து:

எல்லாம் சரி அண்ணாச்சி, பத்து மணிக்குச் சும்மா விடுகிற இடத்துக்கு ஒரு மணி நேரம் முன்னாடி போகக் காசா? அதே திமிங்கலம்தானே?

பாளையங்கோட்டையிலிருந்து:

தம்பி கேட்டது நியாயம்தான். அதே திமிங்கலம்தான், பத்து மணிக்கு அப்புறமும் அரை மணி நேரம் நின்று பார்த்தேன், செல்போன் தூக்கிய கைகளுக்கு நடுவே தலை மட்டும் தெரிந்தது. பிள்ளைகளோடு போகிறவர்கள் காசு கொடுக்க வேண்டாம், சாதாரண வார நாளில் கதவு திறக்கும்போதே போங்கள், போதும். சும்மா விளக்கம் கேட்க என்றாலும் வேண்டாம், அந்த அம்மா சொன்னதில் பாதி சுவரிலேயே எழுதியிருக்கிறது. துடைக்கிற ஆளைப் பார்க்க வேண்டும் என்றால் மட்டும் கொடுக்கலாம். வாத்தியாரே, அந்தப் பையனை அடுத்த தடவை தனியாகக் கூட்டிக்கொண்டு போங்கள்.

மணப்பாட்டுத் தாயி, உனக்கு ஒன்று சொல்ல வேண்டும். ஊருக்கு வந்ததும் பழைய லேப்புக்குப் போனேன். அங்கே ஒரு கண்ணாடிப் பெட்டியில் பஞ்சு மேல் ஓங்கில் துடுப்பின் எலும்பு உண்டு, 31 வருஷமாக என் கையால் துடைத்தது. ஒருநாள்கூட விரலை எண்ணியதில்லை. இப்போது இருக்கிற பையனிடம் சாவி கேட்டுத் திறந்து எண்ணினேன். ஐந்து. முதலும் கடைசியும் குட்டை. நடுவிரல் நுனியில் ஒரு சின்ன எலும்பைக் காணோம், பஞ்சுக்குள்தான் எங்கேயோ கிடக்கும், திங்கட்கிழமை வந்து தேடிக்கொள்ளுங்கள் என்று அவன் சொல்லியிருக்கிறான்.