பதில்: 'ஹனி ட்ராப்' – ஒரு சொல் போதாது, இரண்டு வேண்டும்

நண்பர்களுக்கு வணக்கம். காதல் காட்டி ஒருவரை வளைத்து ரகசியங்களைக் கறக்கும் உளவு உத்தியை ஆங்கிலத்தில் 'ஹனி ட்ராப்' என்கிறார்கள். நம் மொழிபெயர்ப்பில் அதற்கு என்ன தமிழ்ச் சொல் வைப்பது என்று நீங்கள் எழுதிய யோசனைகளுக்கு என் பதில் இது.

> பேசாமல் 'தேன்பொறி' என்றே வைத்துவிடலாமே. படித்ததும் புரிந்துவிடும்.

முனிர்க்காவிலிருந்து இதை எழுதிய தம்பிக்கு: ஆங்கிலச் சொல்லை முன்பே கேட்டவருக்குத்தான் புரியும். நம் வீட்டு எலிப்பொறியில் கருவாடோ மசால்வடையோ வைப்போம், தேனை யாரும் வைப்பதில்லை. இங்கே டெல்லியில் இந்திக்காரர்களும் ஆங்கிலச் சொல்லையே அப்படியே எழுதிவிட்டுப் போகிறார்கள். நாம் அதற்கு ஒரு படி மேலே யோசிக்கலாம்.

> 'மோகவலை' பழகிய சொல்தானே? அதுவே இருக்கட்டும்.

அம்மா, இதில்தான் எனக்குப் பெரிய வருத்தம். மோகவலை என்றதும் வலை வீசுபவள் ஒரு பெண் என்று மனம் முடிவுகட்டிவிடுகிறது. பனிப்போர்க் காலத்தில் மார்க்குஸ் வோல்ஃப் தலைமையில் இயங்கிய கிழக்கு ஜெர்மனி உளவுத்துறை அனுப்பியது ஆண்களை. அன்றைய மேற்கு ஜெர்மனியின் தலைநகரான பான் நகரத்து அரசு அலுவலகங்களில் வேலை பார்த்த பெண்களோடு பழகி, காதலித்து, கோப்புகளை வாங்கினார்கள். அந்தப் பெண்களில் பலர் அதை உண்மைக் காதல் என்றே நம்பினார்கள். அதில் மோகம் எங்கே இருக்கிறது?

அப்புறம், நாம் மொழிபெயர்க்கும் இரண்டாம் உலகப்போர்க் கட்டுரையில் வரும் இருவரைப் பாருங்கள். எடி சாப்மன் பிரிட்டனின் இரட்டை உளவாளி. ஜெர்மானியர்கள் அவரைத் தங்கள் ஆள் என்று நம்பி, 1943இல் தங்கள் பிடியில் இருந்த நார்வேயின் ஆஸ்லோவில் தங்கவைத்தார்கள். அங்கே டாக்மார் லாலும் என்ற நார்வேப் பெண்ணோடு காதல். அவளோ ஜெர்மானியரை எதிர்த்த தலைமறைவு இயக்கத்தோடு தொடர்புள்ளவள். எதிரியின் ஆளோடு பழகுகிறோம் என்றே நினைத்திருந்தாள். ஒரு கட்டத்தில் அவர் தான் யார் என்று அவளிடம் சொல்லிவிட்டார். ஒரு சொல் வெளியே போனால் தலை போய்விடும் என்று தெரிந்தும் சொன்னார். 1944இல் அவர் கிளம்பிப் போனார். போர் முடிந்ததும், ஜெர்மானியரோடு உறவாடியவள் என்று அவளைத்தான் தண்டித்தார்கள். இவள் கதையின் மேல் 'மோகவலை' என்று தலைப்பு வைக்க எனக்குக் கை வராது.

சரி, என் யோசனை. வள்ளுவர் 'ஒற்றாடல்' என்று தனி அதிகாரமே தந்திருப்பதால் முதலில் 'காதலொற்று' என்றுதான் எழுதிப் பார்த்தேன். ஆனால் இன்றைக்கு ஒற்று என்றால் வல்லெழுத்து மிகும் இடம்தான் பிள்ளைகளுக்கு நினைவு வரும். உளவு என்றால் எல்லோருக்கும் தெரியும். எனவே:

காதல் உளவு: காதலைக் கருவியாக வைத்துச் செய்யும் உளவு. செய்பவர் காதல் உளவாளி, ஆணோ பெண்ணோ.

உளவுக்காதல்: உளவு வேலைக்கு நடுவே, பெரும்பாலும் எதிரெதிர் அணியினரிடையே, மெய்யாகவே பிறக்கும் காதல்.

தமிழில் பின்னால் நிற்கும் சொல்தானே தலைமைச் சொல். முன்னதில் உளவு மிஞ்சுகிறது, பின்னதில் காதல் மிஞ்சுகிறது. சொற்களை இடம் மாற்றினாலே வேறுபாடு கிடைத்துவிடுகிறது. கட்டுரையில் போட்டும் பார்த்தேன். பிரிட்டனுக்கு வேலை செய்த அமெரிக்கப் பெண் ஏமி தார்ப், வாஷிங்டனில் விஷி பிரான்ஸ் (போரில் தோற்றபின் ஜெர்மனிக்கு இணங்கிப்போன பிரெஞ்சு அரசு) தூதரகத்தின் பத்திரிகைத் தொடர்பு அதிகாரி சார்ல் ப்ரூஸோடு பழகத் தொடங்கியது காதல் உளவு. 1942 கோடையில் கடற்படைச் சங்கேதப் புத்தகங்களுக்காக இருவரும் இரவில் தூதரகத்துக்குள் போகிறார்கள். காவலாளி வந்து பார்ப்பான் என்று கணித்து அவள் ஆடைகளைக் களைந்து நிற்கிறாள். டார்ச் அடித்தவன் கூச்சப்பட்டுத் திரும்பிப் போய்விடுகிறான். பூட்டுத் திறப்பவர் ஜன்னல் வழியாக உள்ளே வருகிறார், புத்தகங்கள் படமெடுக்கப்பட்டு விடிவதற்குள் இரும்புப் பெட்டிக்குத் திரும்புகின்றன. போருக்குப் பிறகு இருவரும் மணந்துகொண்டு பிரான்சில் வாழ்ந்தார்கள். 'காதல் உளவாகத் தொடங்கியது உளவுக்காதலாக முடிந்தது' என்று ஒரே வரியில் எழுத முடிகிறது. மோகவலையை வைத்துக்கொண்டு அந்த வரியை எப்படி எழுதுவது?

இரண்டும் காதில் ஒன்றுபோல் ஒலித்துக் குழப்பும் என்று யாருக்காவது பட்டால், இரண்டாவதை 'எதிரணிக் காதல்' என்று மாற்றிக்கொள்ளச் சம்மதம். ஆனால் 'காதல் உளவு' கட்டாயம் வேண்டும் என்பேன். ஞாயிறன்று ஆர்.கே. புரம் தமிழ்ச் சங்க நூலகத்தில் சந்திக்கும்போது முடிவு செய்வோம். வர முடியாதவர்கள் அதற்குள் இங்கே எழுதிவிடுங்கள்.