போட்டெங் ஆடியது 13 கிளப்பா, 14 கிளப்பா?

ரொசோனேரி ரவி:
கால்பந்து வீரர் போட்டெங்கைப் பற்றி நம் கணக்குப்பிள்ளை நேற்று வேறொரு இழையில் போகிற போக்கில் இப்படி எழுதிவைத்திருக்கிறார்: "கெவின்-பிரின்ஸ் போட்டெங் 14 கிளப்பில் ஆடிய ஊர்சுற்றி. ஜெர்மனி கழற்றிவிட்டதும் கானா பாஸ்போர்ட்டை எடுத்துக்கொண்டு உலகக் கோப்பையைச் சுற்றிப் பார்த்துவிட்டு வந்தவர்."
பதினான்காம்! ஐயா, பதின்மூன்று. இத்தாலியின் ஜெனோவா கிளப்புக்கு அவர் ஒரு நிமிடம்கூட ஆடவில்லை. 2010 ஆகஸ்டில் இங்கிலாந்தின் போர்ட்ஸ்மவுத்திடமிருந்து ஜெனோவா வாங்கியது, வாங்கிய கையோடு மிலானுக்கு லோனில், அதாவது இரவலாக, அனுப்பிவிட்டது. அந்தச் சட்டையோடு அவர் ஒரு போட்டியில்கூட இறங்கியதில்லை. விக்கிப்பீடியா பெட்டியைப் பார்த்து விரல் விட்டு எண்ணுகிறவர்களுக்கு இதெல்லாம் எங்கே தெரியப்போகிறது?

கணக்குப்பிள்ளை:
வாருங்கள் ரவி, உங்களைத்தான் எதிர்பார்த்தேன். நான் சொன்னது மூன்று விஷயம், நீங்கள் பிடித்துக்கொண்டது ஒரு எண். சரி, அதையே பேசுவோம். ஜெனோவா பணம் கொடுத்து வாங்கியதா? வாங்கியது. ஒப்பந்தத்தில் இவர் கையெழுத்துப் போட்டாரா? போட்டார். அப்படியானால் அவர் ஜெனோவா ஆட்டக்காரர். 14.

ரொசோனேரி ரவி:
ஆடாதவர் எப்படி ஐயா ஆட்டக்காரர்? "ஆடிய" என்று எழுதியது நீங்கள்தான், நான் இல்லை. ஜெனோவாவுக்கு எத்தனை நிமிடம் ஆடினார்? அதை மட்டும் சொல்லுங்கள்.

வியாசர்பாடி விங்கர்:
அண்ணன்மார்களே, ஒரு நிமிடம். லோன் கணக்கில் வராது என்றால் டோர்ட்மண்ட், பார்சிலோனா, பெசிக்தாஸ் மூன்றும் கழிந்துவிடும். திரும்பிப் போன இடங்களையும் எண்ணுவோம் என்றால் ஹெர்த்தா பெர்லின் இரண்டு முறை, மிலான் இரண்டு முறை. முதலில் எதைக் கிளப் என்று எண்ணுகிறோம் என்பதைப் பேசி முடித்துவிட்டுச் சண்டை போடலாமே?

ரொசோனேரி ரவி:
விங்கர் தம்பி, அதெல்லாம் அப்புறம். ஜெனோவாவுக்கு எத்தனை நிமிடம்?

கணக்குப்பிள்ளை:
ஒருவர் வீட்டைப் பத்திரம் போட்டு வாங்கி அன்றைக்கே வாடகைக்கு விட்டுவிட்டார். அவர் வீட்டுக்காரர் இல்லையா?

ரொசோனேரி ரவி:
வீட்டுக்காரர்தான். ஆனால் அந்த வீட்டில் குடியிருந்தது யார் என்றால் மிலான். விளக்கேற்றியது மிலான். 2010-11 பட்டத்தைக் கொண்டாடிய இரவு மிலானின் சான் சிரோ மைதானத்தில் மைக்கேல் ஜாக்சன் வேடம் போட்டு மூன்வாக் ஆடினாரே, அது எந்தச் சட்டைக்கு?

கணக்குப்பிள்ளை:
நல்ல கேள்வி கேட்டீர்கள், நன்றி. அந்தப் பட்டம் வென்ற சீசன் முழுக்க அவர் யாருடைய ஆள்? ஜெனோவாவின் ஆள். உங்கள் மிலான் வாடகைக்கு எடுத்து ஆடவைத்தது. அடுத்த ஆண்டுதான் பாதி உரிமையை வாங்கினார்கள், மீதிப் பாதியை 2012இல். பாதி ஆட்டக்காரரை வாங்குகிற விநோத முறை அப்போது இத்தாலியில் இருந்தது, 2014இல்தான் ஒழித்தார்கள். ஆக ஜெனோவா இல்லை என்றால் உங்கள் மூன்வாக்கும் இல்லை. 14.

ரொசோனேரி ரவி:
பாதி உரிமை, முழு உரிமை எல்லாம் ஆடிட்டர் பேச்சு. கால்பந்து பார்க்கிறவர் பேசுகிற பேச்சு இல்லை. நீங்கள் அந்த ஆளின் ஆட்டத்தைப் பார்த்திருக்கிறீர்களா என்றே எனக்குச் சந்தேகம். 2011 அக்டோபர் 23, லெச்சே. இடைவேளையில் மிலான் 3-0 பின்தங்கியிருக்கிறது. போட்டெங் மாற்றாக இறங்குகிறார். பதினான்கு நிமிடத்துக்குள் மூன்று கோல், மூன்றும் அவருடையது. கடைசியில் மிலானின் யெபெஸ் தலையால் முட்டி 4-3. அந்த ஒரு மதியத்துக்காகவே அவருக்குச் சிலை வைக்கலாம். அதே ஆண்டு நவம்பரில் பார்சிலோனாவுக்கு எதிராக சான் சிரோவில் பந்தைக் குதிகாலால் தட்டிவிட்டு அபிதாலை ஏமாற்றி அடித்த கோலை நீங்கள் பார்த்திருந்தால் "ஊர்சுற்றி" என்ற சொல் வாயில் வந்திருக்காது. 2013 பிப்ரவரியில் அதே பார்சிலோனாவை 2-0 வென்றபோது முதல் கோல் யாருடையது? சரி, அதை விடுங்கள். ஜெனோவாவுக்கு எத்தனை கோல்?

தென்றல்:
அந்த 2011 நவம்பர் ஆட்டத்தில் மிலான் 2-3 தோற்றது. 2013இல் 2-0க்குப் பிறகு பார்சிலோனாவின் கேம்ப் நோவில் 4-0 வாங்கிக்கொண்டு வெளியேறியது. இதையும் சேர்த்துச் சொல்வதுதானே ரவி?

ரொசோனேரி ரவி:
தென்றல், அது இங்கே பேச்சில்லை.

பேர்லின் பெடியன்:
நான் பேர்லினில் இருக்கிறபடியால் ஒரு சொல் சொல்லிவிட்டுப் போகிறேன். நீங்கள் இரண்டு பேரும் ஜெனோவாவைப் பிடித்துத் தொங்குகிறீர்கள். "கானா பாஸ்போர்ட்டை எடுத்துக்கொண்டு" என்று கணக்குப்பிள்ளை அண்ணை எழுதினதுதான் எனக்குக் குத்தினது. தகப்பன் கானாக்காரர், தாய் யேர்மன்காரி. பிறந்தது, வளர்ந்தது எல்லாம் இங்கே வெடிங் பகுதியில். தம்பி ஜெரோம் வேறு தாய்க்குப் பிறந்தவர், வசதியான பக்கத்தில் வளர்ந்தார். யேர்மனியின் இளையோர் அணிகள் பலவற்றில் பிரின்ஸ் ஆடியிருக்கிறார். 2009இல் 21 வயதுக்குட்பட்டோர் ஐரோப்பியக் கிண்ணத்துக்கு அவரை விட்டுவிட்டுப் போனார்கள். அந்த அணி இங்கிலாந்தை 4-0 வென்று கிண்ணத்தைத் தூக்கியது. ஜெரோம், ஓசில், நோயர், கெதிரா, ஹும்மல்ஸ் எல்லாரும் அதில் இருந்தார்கள். அதே கோடையில் பிஃபா விதியை மாற்றியது. இளையோர் அணிக்கு ஆடினவர் 21 வயது தாண்டினாலும் நாடு மாறலாம் என்று ஆனது. தகப்பன்ரை நாட்டுக்கு ஆடுகிறதுக்கு யாரிட்டையும் அனுமதிக் கடிதம் வாங்க வேணுமோ?

கணக்குப்பிள்ளை:
தம்பி, நீங்களே சொல்லிவிட்டீர்கள். ஜெர்மனி விட்டுவிட்டுப் போனது, பிறகு கானா. நான் சொன்னதும் அதுவே. அப்பா நாட்டின் மேல் அவ்வளவு பாசம் என்றால் ஒரே ஒரு ஆப்பிரிக்கக் கோப்பையிலாவது ஆடினாரா? இல்லை. 2010 ஜூனில் முதல் ஆட்டம், நேராக தென்னாப்பிரிக்கா உலகக் கோப்பை. 2011 நவம்பரில், 24 வயதில், உடம்பு தாங்கவில்லை என்று ஓய்வு அறிவிப்பு. 2012, 2013 ஆப்பிரிக்கக் கோப்பைகளுக்கு வரவில்லை. அடுத்த உலகக் கோப்பை நெருங்கியதும் உடம்பு சரியாகிவிட்டது, 2013இல் திரும்பி வந்தார். 2014 பிரேசிலில் போர்ச்சுகல் ஆட்டத்துக்குச் சில மணி நேரம் முன்னால் அவரையும் சக ஆட்டக்காரர் முன்தாரியையும் முகாமிலிருந்து வீட்டுக்கு அனுப்பினார்கள், பயிற்சியாளரைத் திட்டியதற்காக. கானாவுக்கு மொத்தம் 15 ஆட்டம். ஊர்சுற்றிக்கு வேறு என்ன பெயர் வைக்கச் சொல்கிறீர்கள்?

பேர்லின் பெடியன்:
முன்தாரியை அனுப்பினது ஒரு அதிகாரியை அடித்ததற்கு. இரண்டையும் ஒரே கணக்கில் எழுதாதீர்கள். அந்த முகாமில் ஊக்கத்தொகை தராமல் இழுத்தடித்து, கடைசியில் விமானத்தில் ரொக்கமாகக் காசு கொண்டுவந்து இறக்கினார்கள். அப்படி நடத்தினால் யாருக்குத்தான் கோபம் வராது?

ரொசோனேரி ரவி:
பெடியன் சொல்வது நூற்றுக்கு நூறு. 2010இல் அமெரிக்காவுக்கு எதிராக ஐந்தாவது நிமிடத்தில் இடதுகாலால் அடித்த கோல் இல்லாமல் கானா காலிறுதிக்குப் போயிருக்குமா? அந்தக் காலிறுதியில் கோலுக்குள் போன பந்தை உருகுவேயின் சுவாரஸ் கையால் தடுக்காமல் இருந்திருந்தால் ஆப்பிரிக்காவிலிருந்து முதல் அரையிறுதி அணி. பதினைந்து ஆட்டமானாலும் எந்தப் பதினைந்து என்று பார்க்க வேண்டும். கணக்குப்பிள்ளைக்கு எண்கள் மட்டும்தான் தெரியும், அதையும் தப்பாக எண்ணுவார். ஜெனோவாவைச் சேர்த்தவர்தானே.

கணக்குப்பிள்ளை:
ஆட்டத்தைப் பார்த்து எடைபோடுவதில் நீங்கள் எவ்வளவு தேர்ந்தவர் என்று எங்களுக்குத் தெரியும். 2022இல் சவுதியிடம் அர்ஜென்டினா 2-1 தோற்ற அன்று "இந்த அணி குரூப்பைத் தாண்டாது, எழுதிவைத்துக்கொள்ளுங்கள்" என்று எழுதினீர்கள். எழுதிவைத்துக்கொண்டேன்.

ரொசோனேரி ரவி:
அதை எத்தனை வருடத்துக்குத் தூக்கிக்கொண்டு அலைவீர்கள்? அது வேறு, இது வேறு.

ஸ்டாம்ஃபோர்ட் செந்தில்:
எங்கள் செல்சியின் பல்லாக், அப்போதைய ஜெர்மனி அணித்தலைவர், அவரைப் பற்றி யாரும் பேசக் காணோமே? 2010 மே 15, இங்கிலாந்தின் எஃப்.ஏ. கோப்பை இறுதி, செல்சிக்கு எதிரே போர்ட்ஸ்மவுத். வெம்ப்ளியில் பல்லாக்கின் கணுக்காலில் ஏறித் தசைநாரைக் கிழித்தார் இந்த மகான். உலகக் கோப்பை போயிற்று. அதோடு பல்லாக் ஜெர்மனிக்கு ஒரு ஆட்டம்கூட ஆடவில்லை. ஒரு மாதம் கழித்து அதே ஜெர்மனிக்கு எதிராகக் கானா சட்டையில் நிற்கிறார், எதிரே தம்பி. இதைத் திட்டமிட்டுச் செய்யவில்லை என்று நம்ப நான் தயாரில்லை.

ரொசோனேரி ரவி:
செந்தில், அந்த ஆட்டத்தில் அதற்கு முன்னால் பல்லாக் அவரைக் கன்னத்தில் தட்டியதையும் சொல்லுங்கள். நடுவர் கொடுத்தது மஞ்சள் அட்டை. பெனால்டியை வீணடித்ததும் போட்டெங்தான், உங்கள் கோல்கீப்பர் செக் தடுத்துவிட்டார். கோப்பை உங்களுக்குத்தானே வந்தது, இன்னும் என்ன வயிற்றெரிச்சல்? அதோடு பல்லாக் இல்லாமல் போனதால்தான் கெதிரா உள்ளே வந்தார், ஜெர்மனி இங்கிலாந்துக்கு நாலு, அர்ஜென்டினாவுக்கு நாலு என்று அடித்தது. ஜெர்மன்காரர்கள் போட்டெங்குக்கு நன்றிக் கடிதம் எழுதியிருக்க வேண்டும்.

ஸ்டாம்ஃபோர்ட் செந்தில்:
காலைப் பதம்பார்த்ததற்கு நன்றிக் கடிதமா? மிலான் ரசிகர்களின் நியாயம் எப்போதும் தனிரகம்தான்.

தென்றல்:
இந்த ஆளைப் பற்றிப் பேசும்போது 13, 14 என்று மாரடிப்பவர்கள் 2013 ஜனவரி 3ஐ ஒருமுறைகூடச் சொல்லவில்லை. இத்தாலியின் புஸ்தோ ஆர்சிசியோவில் ப்ரோ பாத்ரியா என்ற கிளப்போடு மிலானுக்கு நட்பு ஆட்டம். கூட்டத்தில் ஒரு கும்பல் குரங்குச் சத்தம் போட்டது. பந்தை அந்தப் பக்கம் பார்த்து உதைத்தார், சட்டையைக் கழற்றினார், வெளியேறினார். மிலான் அணி முழுவதும் பின்னாலேயே போனது, ஆட்டம் அத்தோடு நின்றது. அதே ஆண்டு ஜெனிவாவில் ஐ.நா. மேடையில் போய்ப் பேசினார். எத்தனை கிளப் என்பதைவிட இதுதான் பெரிது என்று நினைக்கிறேன்.

கணக்குப்பிள்ளை:
அதில் எனக்கு மறுப்பே இல்லை. ஆனால் நட்பு ஆட்டத்தில் வெளியேறுவது சுலபம். புள்ளி போகிற லீக் ஆட்டமாக இருந்திருந்தால்?

தென்றல்:
உங்களைப் பார்த்து ஒரு அரங்கமே குரங்கு என்று கத்தட்டும், பிறகு சுலபமா கஷ்டமா என்று வந்து எழுதுங்கள்.

ரொசோனேரி ரவி:
சரியாகச் சொன்னீர்கள் தென்றல். வெளியேறியது மிலான் சட்டையில். ஜெனோவா சட்டையில் இல்லை.

தென்றல்:
ரவி, உங்களுக்குக் கைதட்ட நான் எழுதவில்லை.

வியாசர்பாடி விங்கர்:
அந்தக் காலத்து மிலானில் இவரோடு ஆடிய நெஸ்டா 2014இல் நம் சென்னையின் எஃப்சிக்கு வந்து ஆடினார், நினைவிருக்கிறதா? மாட்டெராஸி கூப்பிட்டு வந்தார். நேரு ஸ்டேடியத்தில் அவரைப் பார்க்கக் கூடிய கூட்டம்...

ரொசோனேரி ரவி:
நெஸ்டா என்றால் எழுந்து நிற்பேன். மாட்டெராஸி பெயரை நான் இருக்கும் இடத்தில் எடுக்காதீர்கள். மிலானின் பரம எதிரியான இன்டர் கிளப்பின் ஆள்.

வியாசர்பாடி விங்கர்:
சென்னைக்கு 2015 ஐ.எஸ்.எல். கோப்பையை வாங்கிக் கொடுத்த பயிற்சியாளர் அண்ணா அவர்! இன்டராவது, மிலானாவது. கோவாவில் அந்த இறுதி ஆட்டத்தைப் பார்த்தீர்களா, பார்க்கவில்லையா?

கணக்குப்பிள்ளை:
இதில் ஒன்று கவனியுங்கள். போட்டெங் இந்தியத் தகப்பனுக்குப் பிறந்திருந்தால் இந்த வாதமே இல்லை. இங்கே இரட்டைக் குடியுரிமை கிடையாது. இந்தியத் தகப்பனுக்கு ஜப்பானில் பிறந்த அராத்தா இசுமி ஜப்பான் பாஸ்போர்ட்டை ஒப்படைத்துவிட்டுத்தான் இந்தியாவுக்கு ஆட முடிந்தது. அது தியாகம். இரண்டையும் பையில் வைத்துக்கொண்டு உலகக் கோப்பை வருடத்தில் மட்டும் ஒன்றை வெளியே எடுப்பது வேறு.

பேர்லின் பெடியன்:
அண்ணை, இரண்டு நாடு உள்ளவருக்கு எந்த நாடும் முழுதாக இல்லை என்கிறது உங்களுக்கு விளங்காது. இங்கே பிறந்த எங்கட பிள்ளைகளிட்டை "நீ உண்மையில் எங்கே இருந்து வந்தனீ" என்று இன்றைக்கும் கேட்கிறார்கள். யேர்மனியே 2024 ஜூனில்தான் எல்லாருக்கும் இரட்டைக் குடியுரிமையைத் திறந்துவிட்டது. சும்மா தியாகம், பை என்று எழுதாதீர்கள்.

கணக்குப்பிள்ளை:
உணர்ச்சியைக் கொண்டுவந்தால் வாதம் முடிந்துவிடாது தம்பி. ஹெர்த்தா, டாட்டன்ஹாம், டோர்ட்மண்ட், போர்ட்ஸ்மவுத், ஜெனோவா, மிலான், ஷால்கே, லாஸ் பால்மாஸ், ஃபிராங்க்ஃபர்ட், சாசுவோலோ, பார்சிலோனா, ஃபியோரென்டினா, பெசிக்தாஸ், மோன்சா. எண்ணிக்கொள்ளுங்கள். 2015 மே மாதம் ஷால்கே அவரை அணியிலிருந்தே ஒதுக்கிவைத்தது. டாட்டன்ஹாமில் ஆட இடம் கிடைக்காத காலத்தில் மூன்று கார் வாங்கியதாக அவரே பேட்டியில் சொல்லியிருக்கிறார்.

ரொசோனேரி ரவி:
பட்டியலில் ஐந்தாவதை அழியுங்கள். கார் வாங்கியது அவர் காசு. ஃபிராங்க்ஃபர்ட்டில் 2018 மே 19, பேயர்னை 3-1 வென்று ஜெர்மன் கோப்பை, அதுவும் அவர் பிறந்த பெர்லினில். 2021இல் ஹெர்த்தாவுக்குத் திரும்பி, 2022இல் 35 வயதில், கீழ் லீக்குக்கு இறங்காமல் இருப்பதற்கான இரண்டு ஆட்டச் சுற்றில் ஹாம்பர்க்கிடம் முதல் ஆட்டம் 0-1 தோற்ற பிறகு அங்கே போய் 2-0 வென்று அணியை முதல் லீக்கில் காப்பாற்றினார்கள். ஊர்சுற்றி கடைசியில் சொந்த ஊருக்கா வருவான்?

ஸ்டாம்ஃபோர்ட் செந்தில்:
அந்த பேயர்ன் ஆட்டத்தில் 2-1 இருக்கும்போது கடைசி நிமிடங்களில் ஹாவி மார்டினெஸின் காலை உதைத்தது யார்? இதே போட்டெங். நடுவர் திரையில் பார்த்தும் பெனால்டி தரவில்லை. தந்திருந்தால் கோப்பை எங்கே? ஹாம்பர்க்கை வென்றதற்கு அடுத்த ஆண்டு ஹெர்த்தா கடைசி இடத்தில் முடித்து இறங்கியதையும் எழுதுங்கள்.

ரொசோனேரி ரவி:
பந்துக்குத்தான் கால் போனது. முதலில் பந்து.

ஸ்டாம்ஃபோர்ட் செந்தில்:
பல்லாக்குக்கும் முதலில் பந்துதானா?

வியாசர்பாடி விங்கர்:
ஒரு சந்தேகம் ரவி அண்ணா. பார்சிலோனாவில் அவர் ஆடிய ஆட்டங்களை ஒரு கைவிரலில் எண்ணிவிடலாம், கோலே இல்லை. அதைச் சேர்க்கிறீர்கள், ஜெனோவாவைச் சேர்க்க மாட்டேன் என்கிறீர்களே?

ரொசோனேரி ரவி:
ஆடினாரா? ஆடினார். லா லிகா பட்டமும் கணக்கில் ஏறியது. ஜெனோவாவுக்கு எத்தனை நிமிடம் என்று நான் கேட்டு எத்தனை நேரமாகிறது? ஒருவர்கூடப் பதில் சொல்லவில்லை.

கணக்குப்பிள்ளை:
கையெழுத்துக்கு நிமிடக் கணக்கு கிடையாது. 14.

ஸ்டாம்ஃபோர்ட் செந்தில்:
ரவி, மார்டினெஸ் விஷயத்துக்குப் பதில் வரவில்லை. நிறுத்திப் பார்க்கும் படம் என்னிடம் இருக்கிறது, போடட்டுமா?

ரொசோனேரி ரவி:
போடுங்கள். எந்தக் கோணத்திலிருந்து எடுத்தது என்பதையும் சேர்த்துப் போடுங்கள். போன முறை ஆஃப்சைடு படம் என்று செந்தில் போட்டதில் கோடே வளைந்திருந்தது.