மறு: ‘ஹேண்ட்ஷேக்’ – கைகுலுக்கலா, ஒப்புறுதியா?

> ‘ஹேண்ட்ஷேக்’ என்பதை டிசிபிக்கு (இணையத்தில் இரு கணினிகள் தரவு பரிமாறும் நெறிமுறை) ‘கைகுலுக்கல்’ என்றே தமிழில் எழுதுகிறோம். வைஃபைக்கும் அதுவே போதாதா?

வணக்கம். டிசிபிக்குப் போதும், அங்கே இரு முனைகளும் தொடர் எண்களைப் பரிமாறிக்கொண்டு பேச்சைத் தொடங்குகின்றன, அவ்வளவே. வைஃபையின் பாதுகாப்பு முறையான டபிள்யூபிஏ2-இல் நடப்பது வேறு. திசைவியும் (ரௌட்டர்) கைப்பேசியும் ஒரே சாவியை வைத்திருப்பதை, அதைக் காற்றில் அனுப்பாமலே, நான்கு செய்திகளில் ஒன்றுக்கொன்று மெய்ப்பிக்கின்றன. ‘கைகுலுக்கலைப் பிடித்தாயிற்று’ என்று எழுதினால், கடவுச்சொல்லே சிக்கிவிட்டதாகப் படிப்பவர் நினைத்துக்கொள்கிறார். சிக்கியதோ, ஊகித்த சொல் சரியா என்று பார்க்க உதவும் தடயம் மட்டுமே. ஆகவே ‘ஒப்புறுதி’, விரித்துச் சொன்னால் ‘நாற்படி ஒப்புறுதி’, என்று முன்மொழிகிறேன்.

வைஃபை கடவுச்சொல்லின் வலுவைச் சோதிக்கும் வழிகாட்டிப் பத்தி ஒன்றில் இச்சொல்லை வைத்துப் பார்ப்போம்:

“சொந்த வலையில் மட்டும் செய்யுங்கள். வைஃபை அட்டையை மானிட்டர் மோடுக்கு (சுற்றிலும் போகும் வைஃபை செய்திகளைக் கேட்கும் நிலை) மாற்றி, அவற்றைப் பதிவுசெய்யும் ஏரோடம்ப்-என்ஜி நிரலை உங்கள் திசைவியின் சேனலிலேயே நிறுத்துங்கள். சேனல் தாவினால் ஒப்புறுதி அரைகுறையாகவே பதிவாகும். கைப்பேசியின் வைஃபையை ஒருமுறை அணைத்துப் போடுங்கள். எதுவுமே பதிவாகவில்லையா? அட்டை 2.4 கிகாஹெர்ட்ஸில் இருக்க, கைப்பேசி 5-க்குப் போயிருக்கலாம். பதிவானதை, ஊகக் கடவுச்சொற்கள் அடங்கிய ஒரு சொற்பட்டியலோடு, அவற்றை ஒவ்வொன்றாகச் சோதிக்கும் ஏர்கிராக்-என்ஜி நிரலிடம் கொடுங்கள்.”

எங்கும் இடறவில்லை. ‘அரை ஒப்புறுதி’ என்றும் சொல்ல முடிகிறது, அது கட்டாயம் தேவைப்படும். முதலிரண்டு செய்திகள் இருந்தாலே ஊகங்களைச் சோதிக்கலாம். ஆனால் கைப்பேசியில் கடவுச்சொல்லைத் தப்பாகத் தட்டினாலும் அந்த இரண்டும் வரும். மூன்றாவது வந்தால்தான் திசைவி ஏற்றுக்கொண்டதாகப் பொருள்.

---

> நாற்படி ஒப்புறுதி

கருத்து சரி, சொல்லில் இரண்டு தடை. ‘படி’ என்றால் நகலும்தான். ‘ஒப்புறுதி’ தனியே நின்றால் ‘ஒப்புதல்’ என்று காதில் விழுகிறது. திசைவி அனுமதி தந்ததாக ஆகிவிடும். ‘சாவி ஒப்புறுதி’ என்றால் இரண்டும் தீரும். எண்ணிக்கை வேண்டிய இடத்தில் ‘நாற்செய்தி’ சேர்க்கலாம்.

விளக்கக் குறிப்பில், அடுத்த தலைமுறைப் பாதுகாப்பு முறையான டபிள்யூபிஏ3-ஐயும் சேர்க்க வேண்டும். அதிலும் சாவி ஒப்புறுதி உண்டு. ஆனால் அதற்கு முன்பே எஸ்ஏஇ என்னும் சாவிப் பரிமாற்ற முறையில் புதுச் சாவி உருவாகிவிடுவதால், பதிவை எடுத்துப்போய்ச் சொற்பட்டியலோடு ஒப்பிட்டுப் பயனில்லை. டபிள்யூபிஏ2-இல் சாவி, கடவுச்சொல்லையும் வலையின் பெயரையும் 4,096 சுற்று அரைத்து வருவது. சொல் எளிதானால் அத்தனை சுற்றும் காப்பாற்றாது. பட்டியலில் சொல் அகப்படவில்லை என்பதை ‘வலை பாதுகாப்பானது’ என்று யாரும் மொழிபெயர்த்துவிடக் கூடாது. அந்தப் பட்டியலில் இல்லை, அவ்வளவுதான்.