மறு: வாட்டர்ப்ளொமிக்கிக்குத் தமிழில் என்ன பெயர்?

> 'நீர்ப்பூ' என்றே வைத்துவிடலாமே. மூலப்பெயரும் அதுதானே?

ஐயா, அதே பொருள்தான். ஆனால் தென்னாப்பிரிக்காவின் மேற்குக் கேப் மாகாணத்தில் அந்தப் பெயரைச் சொன்னால் நம் கட்டுரையில் வரும் இந்த ஒரு நீர்ச்செடிதான் நினைவுக்கு வரும். நமக்கோ கோட்டுப்பூ, கொடிப்பூ, நிலப்பூ, நீர்ப்பூ என்று நால்வகையில் ஒரு வகைக்கே அந்தப் பெயர் போய்விட்டது. தாமரையும் அல்லியும் நீர்ப்பூதான்.

> அப்போ 'கேப் தாமரை'?

தாமரை வேண்டவே வேண்டாம். ஆகாயத்தாமரை, வெங்காயத்தாமரை என்று தண்ணீரில் மிதக்கிறதுக்கெல்லாம் தாமரைப் பட்டம் கட்டியது போதும்.

புதிதாகத் தேடவே வேண்டியதில்லை. இந்தச் செடியின் அறிவியல் பெயர் அப்போனோகெட்டான் டிஸ்டாக்கியோஸ். நம் குளத்துக் கொட்டி அப்போனோகெட்டான் நட்டான்ஸ். இரண்டும் ஒரே பேரினம். 'கொட்டியும் ஆம்பலும் நெய்தலும் போலவே' என்று மூதுரையில் வருகிற அதே கொட்டிதான். அக்குடும்பத்தில் வேறு பேரினமே கிடையாது என்பதால் பேரினத்துக்குக் கொட்டி, குடும்பத்துக்குக் கொட்டிக் குடும்பம் என்று ஒரே சொல்லில் முடித்துவிடலாம்.

குணமும் ஒத்துப்போகிறது. கேப்பில் மழை குளிர்காலத்தில்தான். கோடையில் குட்டை வற்றினால் இலையெல்லாம் போய்விடும், கிழங்கு மட்டும் சேற்றுக்குள் கிடக்கும். மழை வந்ததும் அதிலிருந்து மறுபடி துளிர்த்து, நீள்வட்ட இலைகளை நீர்மேல் பரப்பும். குளம் வற்றினாலும் விட்டுப் போகாத உறவுக்கு ஔவை காட்டியதும் இதைத்தானே.

அடுத்து சிற்றினப் பெயர். 'டிஸ்டாக்கியோஸ்' என்றால் இரு கதிர். 'இரட்டைக்கதிர்', 'இணைக்கதிர்' என்று இரண்டு பரிந்துரைகள் வந்திருக்கின்றன. எனக்கு இரண்டிலும் நிறைவில்லை. கட்டுரையில் இருக்கும் படத்தைப் பெரிதாக்கிப் பாருங்கள்: தண்ணீருக்கு மேல் வருவது ஒரே காம்பு. அதன் நுனி உண்டிவில் கவட்டை மாதிரி இரண்டாகப் பிரிகிறது. இரு கிளையிலும் வெள்ளை இதழ்கள், நடுவே கருத்த மகரந்தப்பைகள். இணை என்றால் பக்கத்தில் பக்கத்தில் இரண்டு காம்பு நிற்பதாகத் தோன்றும். இது கவை. புறநானூறு 215-இல் 'கவைக்கதிர் வரகு' என்றே இருக்கிறது. ஆயத்தமாக இருக்கிற சொல்லை எடுத்துக்கொள்வோம்: கவைக்கதிர்க் கொட்டி.

> கொட்டி என்று தேடினால் 'கொட்டித் தீர்த்த மழை'தான் வருகிறது :)

தனியாகத் தேடினால் வரும்தான். அடைமொழியோடு எழுதினால் அந்தச் சிக்கல் இல்லை. மீன்தொட்டிக்காரர்கள் விரும்பி வாங்கும் மடகாஸ்கர் செடி ஒன்று இதே பேரினத்தில் உண்டு. இலையில் நரம்பு மட்டும் வலை மாதிரி நிற்கும், நடுவெல்லாம் ஓட்டை. அதை வலையிலைக் கொட்டி எனலாம்.

கட்டுரையின் சமையல் பத்தியில் மட்டும் கை வைக்காதீர்கள். மொட்டும் பூவுமாகப் பறித்து, உப்புத் தண்ணீரில் ஊறவைத்து அலசி, ஆட்டிறைச்சியோடு நிதானமாக வேகவைக்கும் அந்தப் பண்டத்துக்கு அவர்கள் ஊரில் வாட்டர்ப்ளொமிக்கி பிரெடி என்று பெயர். அது அப்படியே இருக்கட்டும். 'கொட்டிக் குழம்பு' என்று எழுதினால் குழம்பைக் கீழே கொட்டிவிட்டதாக நினைப்பார்கள். புளிப்புக்குச் சேர்க்கிற கீரை ஆக்சாலிஸ் இனம், நம் புளியாரைக்கு நெருங்கிய சொந்தம். அதற்குக் 'கேப் புளியாரை' போதுமா, வேறு யோசனை இருக்கிறதா?