பெர்னாண்டோ தி லியோ: நல்ல இயக்குநரா, நல்ல எழுத்தாளர் மட்டுமா?

பழையரீல்:
தி லியோ இயக்கிய இத்தாலிய கேங்ஸ்டர் படமான 'மிலானோ காலிப்ரோ 9'ஐ (1972) நேற்று மறுபடியும் பார்த்தேன். தி லியோவை இவ்வளவு தூக்கிப் பிடிக்க அதில் என்ன இருக்கிறது? செர்ஜியோ லியோனே இயக்கிய வெஸ்டர்ன் (கௌபாய்) படங்களுக்குத் திரையில் பெயர் வராமலே எழுதிக் கொடுத்தவர். எழுத்தில் கெட்டிக்காரர், சரி. ஆனால் இந்தப் படத்தில் இரண்டு போலீஸ் அதிகாரிகள் வலதுசாரி, இடதுசாரி என்று வாதாடும்போதெல்லாம் கதை அங்கேயே படுத்துவிடுகிறது.

இரவுக்காட்சி:
தொடக்கத்தை மறந்துவிட்டீர்களே! ஒரு பொட்டலம் மிலான் தெருக்களில் கைமாறிக் கைமாறிப் போகிறது. பின்னால் லூயிஸ் பகலோவின் இசை. கடைசியில் பிரித்தால் பணம் இல்லை, வெறும் தாள். கைமாற்றியவர்களை அடித்து நொறுக்கி, குகைக்குள் கட்டிப்போட்டு டைனமைட் வைக்கிறார்கள். எடுத்தது யார் என்று தெரியாது, எல்லோரையும் கொன்றுவிடுகிறார்கள். கேங்ஸ்டர்களின் நியாயம் என்ன என்பது அதிலேயே விளங்கிவிடுகிறது. இதை எழுத்தாளர் மட்டும் செய்துவிட முடியுமா?

போலீஸ் வாதத்துக்கு வருகிறேன். 1969 டிசம்பரில் அதே மிலானில், பியாட்சா பொந்தானா சதுக்கத்து வங்கியில் அரசியல் சதியில் குண்டு வெடித்தது. மூன்றே வருடம் கழித்து வந்த படம் இது. அன்றைய பார்வையாளருக்கு அந்தப் பேச்சு வெளியிலிருந்து ஒட்டவைத்ததாகத் தெரிந்திருக்காது.

பழையரீல்:
காலம் சரி, காட்சி சரியில்லை. அடுத்த வருடமே 'இல் பாஸ்' எடுத்தாரே, பலெர்மோவில் நடக்கும் கதை. நடிகர் ஹென்றி சில்வா புரொஜெக்டர் அறையில் நின்று, கீழே படம் பார்த்துக்கொண்டிருக்கும் எதிர்க் கும்பலைக் கிரனேட் லாஞ்சரால் சிதறடிக்கிறார். அங்கே யாரும் பிரசங்கம் செய்து எனக்கு எதையும் விளக்க வேண்டியிருக்கவில்லை.

முதல்வரிசை:
அப்படியானால் அவர் நல்ல இயக்குநர்தான் என்று நீங்களே ஒப்புக்கொண்டுவிட்டீர்கள்.

எனக்கு வேறொரு குறை. அவருடைய 'லா மாலா ஓர்தினா'வில் நாயகனின் மனைவியும் மகளும் வண்டி மோதிச் சாகிறார்கள். அப்புறம் நாயகனாக வரும் மாரியோ அடோர்ஃப் ஓடும் வேனில் தொங்கிக்கொண்டு, முன்கண்ணாடியைத் தலையாலேயே முட்டி உடைக்கிறார். மறக்கவே முடியாத காட்சி. ஆனால் அந்த மனைவி யார்? அவனுக்குக் கோபம் வருவதற்காகவே சாகிறாள்.

இரவுக்காட்சி:
இதற்கு என்னிடம் பதில் இல்லை. 'மிலானோ காலிப்ரோ 9'இல் நடிகை பார்பரா புஷேயின் நடனத்தைக்கூடக் கேமரா உடலாக மட்டும்தான் பார்க்கிறது. ஆனாலும் ஆண்களின் விசுவாசத்தை இவ்வளவு கசப்பாகக் காட்டியவர் வேறு யார்? அந்தப் படம் முழுக்க நாயகன் ஊகோவை அவமானப்படுத்திய கேங்ஸ்டர் ரோக்கோ, அவன் செத்த பிறகு கொன்றவனின் தலையைப் பிடித்து மோதிக்கொண்டே, ஊகோ பியாட்சா மாதிரி ஒருவனைக் கண்டால் தொப்பியைக் கழற்ற வேண்டும் என்று கத்துகிறான். அந்த மரியாதையைக் கேட்க ஊகோ உயிரோடு இல்லை.

பழையரீல்:
அந்தக் காட்சிக்கு நானும் தொப்பியைக் கழற்றுகிறேன். போலீஸ் காட்சிகளுக்கு மாட்டேன்.