வேகமா வாசிச்சா ராத்திரி சுருங்குமாம்! நாழிகையார் பாத்திரம் பத்தி

தாளக்கட்டை:
நாம சேந்து எழுதுத கூட்டுக்கதையோட 4-ஆம் அத்தியாயத்துல, நாழிகையார்ங்கிற இசைக்காரன் பாத்திரத்தைப் பத்தி பொருநையான் எழுதியிருக்காரு: "நாழிகையார் துரிதமாய் வாசிக்க, நீர்க்கோட்டை மக்களுக்கு ஒரு ராத்திரி ஒரு நாழிகையாய்ச் சுருங்கிற்று." வேகமா கொட்டுனா நேரம் சுருங்கும்னு எந்தக் கோட்டிக்காரன் வே சொன்னான்? உள்ளது தலைகீழ். ஆதி தாளம், எட்டு அட்சரம் (தாளத்தோட எண்ணிக்கை), அட்சரத்துக்கு ஒரு செகண்டுன்னு வையும். ஆவர்த்தனம், அதாவது தாளத்தோட ஒரு சுத்து, 8 செகண்டு. அதுக்குள்ள அட்சரத்தை நாலா வெட்டுத சதுஸ்ர நடையில 32 மாத்திரை, ஏழா வெட்டுத மிஸ்ரத்துல 56. சத்தம் நெருக்கமா நிரம்புன இடைவெளி, சும்மா கெடக்குற இடைவெளிய விட நீளமாத் தோணும். மனோதத்துவக்காரங்க திரும்பத் திரும்பச் சோதிச்சுப் பாத்த சங்கதி இது. ஒரு நாழிகைக்கு 180 ஆவர்த்தனம். அத்தனையும் மிஸ்ரத்துல நிரப்புனா ராத்திரி சுருங்காது, விடியவே விடியாது.

பொருநையான்:
வந்துட்டாருய்யா வாத்தியாரு. சுடலை கோயில் கொடையில கணியான் கூத்து பாத்ததுண்டா? உச்ச மகுடமும் மந்த மகுடமும் (ரெண்டும் தோல் பறை) சேந்து ஏறும்போது எந்தச் சனம் வே மணி பாக்கும்? கவனம் ஆட்டத்துல இருந்தா நேரத்தை எண்ண ஆளு கிடையாது. எண்ணாத நேரம் சுருங்கத்தான் செய்யும். அப்புறம், அந்த 180 தப்பு. துரிதம்னா அட்சரம் அரை செகண்டு. 360.

தாளக்கட்டை:
180. நாழிகை 24 நிமிஷம், 1440 செகண்டு, 8-ஆல வகுத்துப் பாரும். தாளம் போட்ட இடத்துல நிக்கும், உள்ள நடைதான் மாறும். நடையும் காலமும் (தாள வேகம்) ஒண்ணுன்னு நெனைக்குத ஆளுதான் இசைக்காரன் பாத்திரம் எழுதுதாரு!

கோயில்பட்டி குமாஸ்தா:
அண்ணாச்சிமாரே, 'வேகம்'னு நீங்க சொல்லுதது தாளத்தோட வேகமா, நடையோட நெருக்கமா? அதை முதல்ல பேசிக்கிட்டா

பொருநையான்:
360.

அம்பாசமுத்திரத்தாள்:
நேரம் சுருங்குச்சுன்னு சொல்லப்போறது யாரு? கேட்டுக்கிட்டே இருக்கவனா, மறுநா காலையில நெனைச்சுப் பாக்கவனா? ரெண்டும் வேற. சங்கதி நெறைஞ்ச ராத்திரி, இருக்கும்போது ஓடிரும். பின்னால நெனைச்சா நீளமாத் தெரியும். அத்தியாயத்துல இதைப் பத்தி ஒரு வரி இல்ல.

தாளக்கட்டை:
யக்கா, அது அப்புறம். 180-ஐ ஒத்துக்கிடாத ஆளுகிட்ட மறுநா காலையப் பத்தி என்ன பேச? நிசமாவே சுருக்கணும்னா செய்முறை சொல்லுதேன், குறிச்சுக்கிடுங்க. முதல் 20 ஆவர்த்தனம் சதுஸ்ரத்துல ஒரே சீரா போகணும், கேக்குறவன் கை தானா தாளம் போடுத வரைக்கும். பொறவு எடுப்பை (பாட்டு தொடங்குத இடம்) சமத்துல (தாளம் தொடங்குத இடம்) இருந்து ஒன்றரை அட்சரம் தள்ளணும். கை தடுமாறும். அப்பம் அட்சரத்தைப் பைய இழுத்து 2 செகண்டைத் தாண்டிரணும். அடிக்கு அடி அவ்வளவு இடைவெளி விழுந்தா காது ரெண்டு அடியையும் சேத்து ஒரு தாளமாக் கோக்காது. எண்ணிக்கை போச்சுன்னா நேரமும் போச்சு. இதைக் கெடுக்கது எதுன்னா தீர்மானம், அதாவது மூணு தரம் வாசிச்சு முடிக்குத முத்தாய்ப்பு. தவில்காரரு 4 ஆவர்த்தனத்துக்கு ஒருக்க தீர்மானம் வச்சு சமத்துல வந்து விழுந்தாருன்னா, 32 செகண்டுக்கு ஒரு மணி அடிச்ச மாதிரி. அம்புட்டும் பாழ். உம்ம நாழிகையார் பக்கத்துக்குப் பக்கம் தீர்மானம் வைக்காரு.

பொருநையான்:
அட்சரம் 2 செகண்டுன்னா ஆவர்த்தனம் 16. நாழிகைக்கு 90. 180 எங்க வே போச்சு?

தாளக்கட்டை:
180 அடிப்படைக் கணக்கு.

பொருநையான்:
அடிப்படை 90-ஆ இறங்கலாம், 360-ஆ ஏறக்கூடாது. நல்ல நியாயம். இன்னொண்ணும் கேளும். உம்ம நிரம்புன இடைவெளி சோதனையெல்லாம் சில செகண்டுக் கணக்கு. ராத்திரிங்கது 30 நாழிகை. செகண்டுல செல்லுதது 12 மணி நேரத்துக்குச் செல்லுமா? இதுக்குப் பதில் சொல்லாம 180, 180-ன்னு கெடந்தா எப்படி?

வில்லடி ரசிகன்:
நாழிகையாருக்கு மகுடமே சரிப்படாது. நீர்க்கோட்டை ஆத்து நடுவுல இருக்கு. ஈரத்துக்குத் தோல் தொய்ஞ்சு, உச்சம் இறங்கி மந்தத்தோட ஒட்டிக்கிடும். நடுவுல தீ மூட்டிக் காய்ச்சணும். காய்ச்சுத நேரத்துல சனம் எந்திரிச்சு, தண்ணியில மெதக்கவிட்டு நேரம் பாக்குற நாழிகை வட்டிலைப் பாக்கும், எத்தனை தடவை முங்கிருக்குன்னு. அத்தோட மாயம் முடிஞ்சுது. வில்லுப்பாட்டு வில்லைக் குடுங்க. வீசுகோல் பட்டா மணி குலுங்கும், காய்ச்சுத சோலியே கிடையாது.

பொருநையான்:
வில்லுக்கு உடுக்கை வேண்டாமோ? உடுக்கைக்கு மட்டும் என்ன தகரத்துலயா தோல்?

வில்லடி ரசிகன்:
குடம் இருக்குல்லா. மண்குடம் தொய்யாது.

தாளக்கட்டை:
குடத்துல மிஸ்ரம் வாசிச்சுக் காட்டச் சொல்லுங்க. தாளம்னா எட்டயபுரம் பக்கம் போய்க் கேளுங்க. முத்துசுவாமி தீட்சிதர் கடைசியா இருந்த ஊரு எங்க நெல்லைச் சீமையிலதான் இருக்கு.

கோயில்பட்டி குமாஸ்தா:
எட்டயபுரம் தூத்துக்குடி மாவட்டம்.

தாளக்கட்டை:
தீட்சிதர் காலமானது 1835. உங்க மாவட்டத்தைப் பிரிச்சது 1986. இதுலயும் பங்குக்கு வந்துட்டீரா?

கோயில்பட்டி குமாஸ்தா:
ஊரு எங்க இருக்குன்னுதான சொன்னேன். வேகம்னா என்னன்னு நான் கேட்டதுக்கு ரெண்டு பேருமே இன்னும் பதில் சொல்லல.

பொருநையான்:
அவரு சொல்ல மாட்டாரு. போன போட்டியில அவரோட 'மேகராகப் பாடினி' பாத்திரத்துக்கு ஓட்டு விழலைங்கிற காந்தல் இன்னும் அடங்கல. அதான் என் அத்தியாயத்துல செகண்டு எண்ணுதாரு.

தாளக்கட்டை:
ஓட்டுப் போட்ட கூட்டத்துக்கு சமம் எது, எடுப்பு எதுன்னு தெரியுமா? அந்தப் பாடினி ஒரு அட்சரம் பிசகாம வருவா. 5-ஆம் அத்தியாயம் வர்றதுக்குள்ள 4-ல அந்த வரியைத் திருத்தும். 'துரிதமாய்'ங்கிறதை எடும். தீர்மானத்தை எல்லாம் வெட்டும். 180-ன்னு போடும்.

பொருநையான்:
5-ஆம் அத்தியாயம் நேத்தே அனுப்பியாச்சு. அதுல 360-ன்னு எண்ணிக்கையோடயே போட்டிருக்கேன்.